ஒரே இடத்தில் தேய்ந்த புத்தகம்

டயர்க்காரரிடம் ஒரு வண்டியைக் கொண்டுபோய் நிறுத்தினால் போதும், ஓட்டுகிறவனின் வண்டவாளம் முழுக்க வெளியே வந்துவிடும். டயர் நடுவில் தேய்ந்திருந்தால் காற்று அதிகம். இரண்டு ஓரமும் தேய்ந்திருந்தால் காற்றே அடிக்காமல் ஓட்டியிருக்கிறான், சோம்பேறி. ஒரு பக்கம் மட்டும் தேய்ந்திருந்தால் சக்கரம் கோணல். ஒரே ஒரு இடத்தில் மட்டும் வழுக்கை விழுந்திருந்தால் பிரேக்கை ஏறி மிதித்திருக்கிறான், சக்கரம் சுற்றாமல் இழுபட்டிருக்கிறது, எதையோ கண்டு பயந்திருக்கிறான் என்று அர்த்தம். இதெல்லாம் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தது இல்லை. அவர் படிப்பு நாலாம் வகுப்போடு சரி. தமிழை எழுத்துக்கூட்டி வாசிப்பார். இங்கிலீஷ் என்றால் டயரில் எழுதியிருக்கும் நம்பர்தான்.

மனிதர்களை அவர் நம்புவதில்லை. மனிதனுக்கு வாய் இருக்கிறது, அதனால் பொய் சொல்கிறான் என்பது அவர் கட்சி. டயரை நம்பினார். டயர் விஷயத்தில் அவரும் பொய் சொன்னது கிடையாது. மொட்டை டயருக்குக் கறுப்புச் சாயம் பூசி விற்கிற கடை அதே தெருவில் இரண்டு இருந்தது. இவரோ, "இத மாட்டிட்டுப் போனா நேரா ஆஸ்பத்திரிக்குத்தான் போவ" என்று முகத்துக்கு நேராகச் சொல்லி, வந்த வியாபாரத்தை விரட்டிவிடுவார்.

அவர் மகன் கம்ப்யூட்டர் ஆபீசில் புரோகிராம் எழுதிக்கொண்டிருந்தான். ஒரு மத்தியானம் நாற்காலியில் உட்கார்ந்தபடியே சாய்ந்துவிட்டான். முப்பத்துநாலு வயசு. நெஞ்சு நின்றுவிட்டது என்றார்கள். எத்தனையோ டயருக்கு ஆயுள் சொன்ன மனிதர், பக்கத்து அறையில் படுத்திருந்தவனுக்குச் சொல்லத் தெரியவில்லை.

வீட்டில் மிஞ்சியது அவர், மருமகள், நாலு வயசுப் பேத்தி. அப்புறம் மகனுடைய அலமாரியில் ஒன்பது தடித்த புத்தகங்கள்.

துக்கம் விசாரிக்க வந்த ஆபீஸ் மேனேஜர் மருமகளிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போனார். நாலு மாசம் டைம். ஆப்ஜெக்ட் முறையில் புரோகிராம் எழுதுவது எப்படி என்று ஒரு பரீட்சை வைப்பார்கள். தேறிவிட்டால் ஆபீசில் அவளுக்கு ஒரு இடம். தேறாவிட்டால் இல்லை, அதற்கு மேல் அவராலும் ஒன்றும் செய்ய முடியாது.

மறுநாள் காலையில் மருமகள் ஒன்பது புத்தகங்களையும் கூடத்தில் தரையில் பரப்பிவிட்டு, நடுவில் உட்கார்ந்திருந்தாள். பேத்தி ஒரு புத்தகத்தின் மேல் ஏறி நின்று தன் உயரத்தைக் காட்டிக்கொண்டிருந்தாள்.

"எல்லாமே ஒரே விஷயத்தத்தான் சொல்லுதாம் மாமா. ஆனா ஒன்னொன்னும் ஒரு தலகாணி கனம்" என்றாள் மருமகள். "இதப் பாருங்க, மொத வரியே 'உங்களுக்கு ஏற்கெனவே தெரிஞ்சிருக்கும்'னு ஆரம்பிக்குது. எனக்கு என்னத்தத் தெரியும்? தெரிஞ்சா நான் ஏன் இதத் தொறக்கறேன்?"

"அப்ப அத மூடி வை."

"இது பூரா படம். படம் பாத்தா சிரிப்பு வருது, மூடுனா ஒன்னும் ஞாபகம் இல்ல. இன்னொன்னு பழசாம், இப்ப யாரும் அப்படி எழுதறதில்லையாம். நாலு மாசத்துல ஒன்பதையும் படிக்க முடியாது மாமா. ஒன்னு போதும். எது அவருக்கு நல்லாப் புரிய வச்சுதோ, அந்த ஒன்னு."

"அதுக்கு எங்கிட்ட ஏன் பேசற? எனக்கு அதுல ஒரு எழுத்து தெரியாது."

அவள் நிமிர்ந்து பார்த்தாள். "நீங்க டயரப் பாத்தே வண்டி எப்படி ஓடுச்சுன்னு சொல்றீங்கல்ல. இதப் பாத்து, அவர் எதுல ரொம்ப ஓடினாருன்னு சொல்லுங்களேன்."

அவர் கீழே உட்கார்ந்து, ஒவ்வொன்றாக எடுத்து, மூடியபடியே தாள்களின் விளிம்பைப் பார்த்தார். கட்டைவிரலை மேலிருந்து கீழே ஓட்டினார். அவள் சொன்னது சரிதான். எல்லாம் தெரிந்தது. அந்தப் படப் புத்தகம் நடுநடுவே அழுக்கு, சும்மா புரட்டியிருக்கிறான். பளபளவென்று கெட்டி அட்டை போட்ட ஒன்று முன்பக்கம் அரை விரல் கனத்துக்கு மட்டும் மங்கி, அப்புறம் பால் வெள்ளையாக இருந்தது. ஆரம்பித்துவிட்டுக் கைகழுவியிருக்கிறான். மஞ்சள் அட்டை போட்ட இன்னொன்று இருந்தது. முதல் தாளிலிருந்து கடைசித் தாள் வரை ஒரே சீராகச் சாம்பல் பூத்திருந்தது. காற்றும் சரி, சக்கரமும் நேர், நல்ல கையில் ஓடிய டயர் இப்படித்தான் தேயும். மகன் விரல் பட்டுப் பட்டு வந்த நிறம் அது.

"வச்சுட்டுப் போ. சாயங்காலம் சொல்றேன்" என்றார்.

கடைக்குப் போனதும் பக்கத்துக் கடை வெல்டர் வந்து ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டார். விஷயம் அவர் காதுக்கு எப்படியோ போயிருந்தது. வெல்டர் காதுக்குப் போகாத விஷயம் அந்தத் தெருவில் இல்லை.

"பரீட்சையாமே மருமகளுக்கு? பாஸாயிட்டா இந்த ஊர்ல வைக்க மாட்டான், பெரிய ஆபீசுக்குத் தூக்கிருவான். அது எங்க இருக்கு? ரயிலேறி ஒரு ராத்திரி போகணும். புள்ளயையும் தூக்கிட்டுப் போயிரும். அப்புறம் நீ இருக்க, உன் மொட்டை டயர் இருக்கு."

"உன் வாய வெல்டு வச்சு ஒட்டுய்யா."

"நான் உள்ளதச் சொல்றேன். சின்ன வயசு. கையில வேலை வேற. எவ நின்னா சொல்லு பாப்போம்?"

மத்தியானம் சாப்பிட வீட்டுக்குப் போனபோது பேத்தி அவர் தட்டிலிருந்து ஒரு வாய் பிடுங்கித் தின்றுவிட்டு ஓடினாள். அதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். திரும்பிக் கடைக்குப் போகும்போது அவர் பைக்குள் மஞ்சள் அட்டைப் புத்தகம் இருந்தது. அதைக் கிழிந்த டியூபில் சுற்றி, மூலையில் அடுக்கியிருந்த லாரி டயர்களில் அடியில் இருந்ததன் வயிற்றுக்குள் திணித்தார். மேலே இன்னும் மூன்று டயர் ஏற்றினார்.

சாயங்காலம் பளபள அட்டைப் புத்தகத்தை எடுத்து மருமகள் கையில் கொடுத்தார்.

"இதுதான்."

"நல்லாப் பாத்தீங்களா மாமா?"

"நாப்பது வருஷமாப் பாக்கறேன்."

அவள் அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். மற்றதை அவரே அலமாரியில் அடுக்கிவிட்டார், அவள் எண்ணிப் பார்க்கவில்லை.

அதன் பிறகு அந்த வீட்டில் அந்தப் புத்தகம் இல்லாத இடம் இல்லை. அடுப்பங்கரையில் தண்ணீர்ப் பானைமேல் சாய்த்து வைத்துப் படித்தாள். குழந்தைக்குத் தலை வாரிக்கொண்டே படித்தாள். மகனுடைய பழைய லேப்டாப்பில் தட்டிப் பார்த்து, தப்பு என்று சிவப்பு எழுத்து வந்ததும் உதட்டைக் கடித்துக்கொண்டு முதல் பக்கத்துக்குப் போனாள். டயர்க்காரர் தினமும் அந்த விளிம்பைப் பார்த்தார். பார்க்க வேண்டாம் என்று நினைத்தாலும் கண் அங்கேதான் போனது. அரை விரல் வரைக்கும் அழுக்கு ஏறியது, அங்கேயே நின்றது. அடுத்த வாரம் அதே அரை விரல் இன்னும் கறுத்தது. மகன் எங்கே கைவிட்டானோ அதே இடத்தில் இவள் முட்டி முட்டித் திரும்புகிறாள். சேற்றில் மாட்டின சக்கரம் மாதிரி சுற்றுகிறது, நகரவில்லை. அவர் பார்த்துக்கொண்டே சாப்பிட்டார், கை கழுவினார், கடைக்குப் போனார்.

மூன்றாம் மாசம் ஒருநாள் அவளே கேட்டாள்.

"அவர் ஒரு தடவ சொன்னாரு மாமா. ஒரு புஸ்தகத்துல ஓரமெல்லாம் அப்பா கடையப் பத்தி எழுதி வச்சிருக்கேன், அப்படித்தான் எனக்கே புரிஞ்சுதுன்னு. எதுலன்னு அப்ப நான் கேக்கல. தேடிப் பாத்துட்டேன், இங்க இருக்கற எதுலயும் இல்ல. ஆபீஸ்லயே இருக்குமோ?"

"இருக்கும்" என்றார் டயர்க்காரர்.

"கேட்டேன். அவர் மேசைல ஒன்னும் இல்லன்னுட்டாங்க."

"அப்ப எவனாவது தூக்கிட்டுப் போயிருப்பான். உலகம் திருட்டு உலகம்."

அன்று கடைக்குப் போய் மேலிருந்த டயர்களை ஒவ்வொன்றாக இறக்கினார். அடி டயருக்குள் கையை விட்டார். விரல் டியூபில் பட்டது. என் கடையைப் பற்றி என்ன எழுதியிருப்பான்? வாசித்தால் கொடுத்துவிடுவோம் என்று அவருக்குத் தெரிந்தது. கையை வெளியே எடுத்துவிட்டு, டயர்களை மறுபடி அடுக்கினார். மூச்சு வாங்கியது. வெல்டர் எட்டிப் பார்த்து, "இப்பத்தான எறக்கின, எதுக்கு ஏத்தற? உடம்பக் கொறைக்கறியா?" என்றார்.

பரீட்சை ஒரு காலையில் நடந்தது. மூன்றாம் நாள் முடிவு வந்தது. அவள் போனைப் பார்த்தாள், கவிழ்த்து வைத்தாள், குழந்தைக்குப் பால் ஆற்றினாள். அப்புறம்தான் சொன்னாள்.

"இல்ல மாமா. வரல."

அவர் தலையை ஆட்டினார். உள்ளே ஏதோ ஒரு கட்டு தளர்ந்த மாதிரி இருந்தது. இனி எங்கும் போகமாட்டாள். அந்த நிம்மதி ஒரு டம்ளர் பால் ஆறுகிற நேரம்கூட நிற்கவில்லை.

"உங்களுக்குச் சொல்லல. பாஸாயிட்டுச் சொல்லலாம்னு இருந்தேன். வேலைய வீட்லயிருந்தே பாக்கறேன்னு எழுதிக் கேட்டிருந்தேன். மாமாவத் தனியா விட முடியாதுன்னு. ஒத்துக்கிட்டாங்க. முன் ரூம்ல மேசை போட எடம்கூட அளந்து வச்சேன்." பால் டம்ளரைக் கீழே வைத்தாள். "இப்ப அண்ணன் ஊருக்குத்தான் போகணும். அண்ணன் வேல பாக்கற எடத்துல மூட்டை கட்டற வேல ஒன்னு இருக்காம். புள்ளயப் படிக்க வைக்கணும்ல."

அவர் எழுந்து கடைக்குப் போனார். செருப்புப் போடவில்லை என்பது பாதி வழியில்தான் தெரிந்தது. டயர்களை இறக்கக்கூட இல்லை, தள்ளிவிட்டார். அவை தெருவில் உருண்டன. டியூபைப் பிரித்து, மஞ்சள் அட்டையைத் திறந்தார். அச்சு எல்லாம் இங்கிலீஷ். ஓரத்தில் பென்சிலால் மகனுடைய கோணல் எழுத்து, தமிழில். விரலை வைத்து எழுத்துக்கூட்டினார்.

'கிளாஸ் என்பது டயர் வார்க்கிற அச்சு. ஆப்ஜெக்ட் என்பது அப்பா கடையில் இருக்கிற ஒவ்வொரு டயரும். அச்சு ஒன்றுதான். ஆனால் எவ்வளவு ஓடியது, எங்கே தேய்ந்தது என்பதை அந்தந்த டயர் தனக்குள் வைத்திருக்கும். உள்ளே கையை விட்டு மாற்றக் கூடாது. கேட்க வேண்டும். கேட்டால் உள்ளதைச் சொல்ல வேண்டும், அதுதான் விதி. அப்பா மாதிரி. டயர் விஷயத்தில் அப்பா பொய் சொல்ல மாட்டார்.'

வாசித்து முடிக்க வெகு நேரம் ஆனது. முடித்ததும் மறுபடி முதல் எழுத்திலிருந்து ஆரம்பித்தார்.

அவள் கிளம்புகிற அன்று பஸ் நிலையத்துக்கு அவரும் போனார். வெயில் ஏறியிருந்தது. பஸ் வந்து நின்று, டிரைவர் டீ குடிக்கப் போயிருந்தார். பேத்தி படியில் ஏறுவதும் இறங்குவதுமாக இருந்தாள். அவர் பையிலிருந்து மஞ்சள் புத்தகத்தை எடுத்து நீட்டினார். ரப்பர் வாடை அடித்தது. அட்டையில் கறுப்புத் தூசி.

"ஆபீஸ்லயும் இல்ல, எவனும் திருடவும் இல்ல. நான்தான் ஒளிச்சு வச்சேன்."

அவள் வாங்கவில்லை. பார்த்தாள்.

"இதுதான் அவர் ஓடின புஸ்தகம்னு அன்னிக்கே தெரியுமா?"

"தெரியும்."

"அப்புறம் ஏன் மாமா?"

"நீ போயிடுவேன்னு."

அவள் பஸ்ஸைத் திரும்பிப் பார்த்தாள். மேலே கட்டியிருந்த தன் பெட்டியைப் பார்த்தாள்.

"இப்பவும் போறேன்ல" என்றாள்.

அப்புறம் புத்தகத்தை வாங்கினாள். திறக்காமல், அவர் செய்கிற மாதிரியே, கட்டைவிரலை விளிம்பில் மேலிருந்து கீழே ஓட்டினாள். விரல் கறை பட்டிருந்த பக்கத்தைத் திறந்து, நின்றபடியே படித்தாள். பென்சில் எழுத்தின் மேல் விரலை வைத்தாள், அழிந்துவிடுமோ என்று எடுத்துவிட்டாள். அவள் திட்டுவாள் என்று காத்திருந்தார். திட்டினால் தேவலை என்றிருந்தது.

"எங்கிட்டயும் சொல்லுவாரு, டயர் விஷயத்துல அப்பா பொய் சொல்ல மாட்டாருன்னு. அதனாலதான் உங்களக் கேட்டேன்." புத்தகத்தை மூடி அவர் கையில் திருப்பி வைத்தாள். "அவர் எழுத்து எங்கிட்ட வேற இருக்கு. இத நீங்க வச்சுக்கங்க. வாசிங்க."

டிரைவர் வந்துவிட்டார். குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஏறினாள். ஜன்னல் வழியாகப் பேத்தி, "தாத்தா வரலயா? தாத்தாவுக்கு எடம் இருக்கு" என்று கத்தினாள். பஸ் நகர்ந்தபோது அவர் கண் பழக்கத்தில் பின் டயருக்குத்தான் போனது. நல்ல டயர். பத்திரமாகப் போய்ச் சேரும்.

இப்போதும் அவர் கடை திறக்கிறார். வண்டி வராத மத்தியானங்களில் புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு, விரலை வைத்து எழுத்துக்கூட்டுகிறார். "என்ன, கம்ப்யூட்டர் வேலைக்குப் போறியா?" என்று வெல்டர் ஆரம்பத்தில் கிண்டல் செய்தார். அவர் நிமிரவில்லை. இரண்டு மூன்று தடவைக்கு அப்புறம் வெல்டரும் கேட்பதை விட்டுவிட்டார்.

புத்தகத்தை மூடினால் விளிம்பு அப்படியே இருக்கிறது, முதலிலிருந்து கடைசிவரை மகன் ஓட்டிய அந்தச் சீரான சாம்பல். நடுவில் ஓர் இடத்தில் மட்டும், டயர்க் கை பட்டுப் பட்டு, கரிக்கோடு போல ஒரு கறுப்பு. தாள்கூட அங்கே மெலிந்துவிட்டது. அதை யார் கொண்டுபோய்க் காட்டிக் கேட்டாலும், பார்த்த மாத்திரத்தில் அவர் உள்ளதைச் சொல்லிவிடுவார். பயந்துபோய்ப் பிரேக்கை ஏறி மிதித்திருக்கிறான் என்பார்.