அர்செனியோவின் நிழல்

காப்பியைக் குடித்து முடித்த கர்னல் பால்தேரா, "உங்கப்பா எடுத்த படம், நம்ம ஊர்ல எடுத்த முதல் சினிமா. அரசாங்கக் காப்பகத்துல பத்திரமா வச்சிடலாம் தோன்யா எர்சிலியா. அந்தப் பயல மட்டும் கத்தரிச்சிடுங்க" என்றார்.

அந்தப் பயல் எர்சிலியாவின் தம்பி அர்செனியோ. நாலு வருஷத்துக்கு முன் கர்னலின் கறுப்புக் காரில் ஏறியவன், திரும்பவில்லை. அவன் புகைப்படங்களையும் அன்றே அள்ளிக்கொண்டு போனார்கள். மாதா ஊர்வலத்தில் தொப்பியை ஆட்டிச் சிரிக்கும் வாலிபனாக, இந்தப் படத்தில் மட்டும்தான் மிஞ்சியிருந்தான்.

படமாவது பிழைக்கட்டும் என்று வயிற்றெரிச்சலோடு கத்தரித்தாள். அவன் இருந்த துண்டைக் கைக்குட்டையில் சுற்றி ரவிக்கைக்குள் செருகிக்கொண்டாள்.

ஞாயிறு மதியம் அவள் வீட்டிலேயே கர்னலுக்குப் படம் காட்டினாள். 'இந்த வீட்டில் தலைவரே எஜமான்' என்ற பலகை எல்லா வீட்டிலும் தொங்கியாக வேண்டும், அதை மறைத்தால் ஜெயில். அதனால் திரைத்துணியைப் பலகைக்குக் கீழே கட்டினாள். திரை குட்டையாகிப் போனதில், ஊர்வலத்தில் வந்த பாதிப் பேருக்குத் தலையே இல்லை.

"பாருங்க, மெழுகுவத்தியோட தடுக்கி விழறது நான்தான்!" கர்னல் தொடையில் தட்டிச் சிரித்தார். எர்சிலியா புரொஜெக்டரின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருந்தாள்.

அடுத்து கோயில் சுவர் வந்தது. அதில் ஒரு நெட்டை நிழல் தொப்பியை ஆட்டியது. ஆளை வெட்டியவள் நிழலை மறந்திருந்தாள்.

சிரிப்பு நின்றது. "நிறுத்து. யாரு நிழல் அது?"

"விளக்குச் சூட்டுல நின்னா ஃபிலிம் பத்திக்கும், கர்னல். இது ஒண்ணுதான் இருக்கு. அப்பா படிச்சுப் படிச்சுச் சொல்லியிருக்கார்."

"நிறுத்துன்னேன்."

அந்த நாட்டில் கர்னலை மூன்றாம் முறை சொல்ல வைத்தவர்கள் யாரும் இன்று தங்கள் வீட்டில் இல்லை. அவள் கையை எடுத்தாள்.

நிழலின் நடுவே ஒரு பழுப்புப் புள்ளி விழுந்து விரிந்தது. மறுகணம் சுருள் முழுவதும் குப்பென்று பிடித்தது. இருவரும் முற்றத்துக்கு ஓடினார்கள்.

அப்பாவின் உழைப்பெல்லாம் புகையாய்ப் போவதைப் பார்த்து வாய்விட்டு அழுதாள். ஆனால் நெஞ்சோடு அர்செனியோ இருந்தான். வேண்டாம் என்று வெட்டப்பட்டவன் மட்டும் பிழைத்திருந்தான். அழுகைக்கு நடுவிலும் அவளுக்கு அது சந்தோஷமாக இருந்தது.

"எல்லாம் போச்சு, கர்னல்."

அவர் சட்டையில் விழுந்த கரியைத் தட்டிவிட்டார். குரல் மறுபடியும் குழைந்தது.

"எல்லாமா? கத்தரிச்சீங்களே தோன்யா, அந்தத் துண்டு எங்க?"

அவளை அறியாமலே அவள் கை நெஞ்சுக்குப் போயிருந்தது.