எழுதாமல் விட்ட ஏழாவது படி

"மார்ச் 4, புதன். இன்று ஒரு சிறு தவறு. 'பொருந்தும்', 'பொருந்தாது' பொத்தான்கள் இரண்டும் பாதியில் இடம் மாறியதைக் கவனிக்கவில்லை. எட்டுப் படங்கள் தப்பாகப் போயின. எக்ஸ்டென்ஷனுக்குப் பொத்தானின் இடம்தான் தெரியும், எழுத்து தெரியாது. இனி இருபது படத்துக்கு ஒருமுறை நிமிர்ந்து பார்க்க வேண்டும்."

எழுதி முடித்ததும் அதே நோட்டைத் தூக்கிக்கொண்டு மாலை வகுப்புக்கு ஓடினாள். தவறை எழுதி வைத்துவிட்டால் அது தன் தலையிலிருந்து இறங்கிவிட்டதாக ஒரு நினைப்பு அவளுக்கு.

அவளும் அவள் அண்ணியும் ஒரே மேஜையின் இரண்டு முனைகளில் உட்கார்ந்து இணையத்தில் துண்டு வேலை பார்ப்பவர்கள். ஒரு பொருளின் படம் வரும், கீழே ஒரு வரி விவரம் வரும்; இரண்டும் பொருந்துகிறதா இல்லையா என்று சொல்ல வேண்டும். அவள் தன் பிரவுசரில் எக்ஸ்டென்ஷன் எனும் குட்டி உதவி நிரல்கள் மூன்று போட்டிருந்தாள். புது வேலை வந்ததும் ஒன்று பாய்ந்து பிடிக்கும். வம்பு பிடித்த ஆட்கள் கொடுக்கும் வேலையை இன்னொன்று மறைக்கும். மூன்றாவது இருந்தால் மவுஸே வேண்டாம்; ஒன்று, இரண்டு என்று விசையைத் தட்டினால் பொத்தான் தானே அமுங்கும்.

அண்ணியிடம் இதெல்லாம் கிடையாது. விவரத்தை வாய்விட்டுப் படிப்பாள், படத்தை உற்றுப் பார்ப்பாள், இன்னொரு முறை படிப்பாள், அப்புறம்தான் அழுத்துவாள். ஏழு மாதத்தில் மூவாயிரம் வேலை. ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை. ஏற்பு விகிதம் நூற்றுக்கு நூறு. அது தொண்ணூற்றைந்துக்குக் கீழே போனால் வேலை எதுவும் கண்ணில் படாது. ஆளுக்கு ஒரு கணக்குதான், இரண்டாவது திறக்க முடியாது. அதை நம்பித்தான் அண்ணி பொட்டலம் கட்டும் கூடத்து வேலையிலிருந்து நின்றாள். அங்கே எட்டு மணி நேரம் நின்று நின்று கால் நரம்புகள் கயிறாகப் புடைத்திருந்தன.

"மவுஸை இவ்ளோ இறுக்கிப் பிடிக்கிறீங்களே அண்ணி, விட்டா ஓடியா போயிடும்?"

"நீ தட்டுற தட்டுக்குக் கீபோர்டுக்கே காய்ச்சல் வந்துடும். சரி, வாயடிக்காம அந்த வித்தையை எனக்கும் போட்டுக் குடு."

போட்டுக் கொடுத்தாள். எதிலும் ஒழுங்கு பார்க்கிறவள் ஆயிற்றே! ஆறு படிகளாக அழகாக எழுதி மேஜை விளிம்பில் ஒட்டினாள். ஏழாவதாக, பொத்தான் இடம் மாறும் சங்கதியை எழுதப் பேனாவைத் திறந்தாள்.

"இதுல ஏதாச்சும் சிக்கல் இருக்காம்மா?" என்றாள் அண்ணி. "எனக்குப் பயமா இருக்கு."

வகுப்பில் கை தூக்கவே தயங்குகிறவளை ஒருத்தி முதல் முறையாக வித்தைக்காரியைப் போலப் பார்க்கிறாள். பேனாவை மூடினாள்.

"ஒண்ணும் இல்ல. கண்ணை மூடிட்டுத் தட்டலாம்."

மூன்றாம் நாள் மதியம் அண்ணி கூப்பிட்டாள். "ஏம்மா, இங்க வாயேன். எல்லாம் சிவப்பா இருக்கு."

நானூற்றுப் பதினேழு படங்கள், கொத்தாக நிராகரிப்பு. பாதி வழியில் பொத்தான்கள் இடம் மாறியிருந்தன. விகிதம் எண்பத்தெட்டு. பட்டியலில் ஒரு வேலையும் இல்லை. விகிதத்தை ஏற்ற வேலை வேண்டும். வேலை வர ஏறிய விகிதம் வேண்டும்.

வேலை கொடுத்தவருக்கு இரண்டு பேரும் சேர்ந்து கெஞ்சி எழுதினார்கள். மறுநாள் பதில் வந்தது: "கவனமில்லாதவர்களைக் கண்டுபிடிக்கவே பொத்தான்களை மாற்றினோம். முடிவில் மாற்றமில்லை."

அண்ணி அதையும் வாய்விட்டு இரண்டு முறை படித்தாள். பிறகு கேட்டாள்: "இப்படி மாத்துவாங்கன்னு உனக்கு முன்னாடியே தெரியுமா?"

"இல்ல அண்ணி. எனக்கே இப்பதான்…"

"அதானே. உனக்கே தெரியலன்னா எனக்கு எங்க தெரியப்போகுது? நான்தான் அவசரப்பட்டுட்டேன். நீ மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்காத, போய் முகம் கழுவிட்டு வகுப்புக்குக் கிளம்பு."

திட்டியிருக்கலாம். நாலு அறை விட்டிருந்தால்கூட வாங்கிக்கொண்டிருப்பாள். இந்த ஆறுதலைத்தான் எங்கே கொண்டுபோய் வைப்பது என்று தெரியவில்லை.

வகுப்பில் பாடம் காதில் ஏறவில்லை. நோட்டைப் பின்னால் புரட்டினாள். மார்ச் 4, அடித்தல் திருத்தல் இல்லாத கையெழுத்து. கிழித்துவிடலாம் என்று தாளின் விளிம்பைப் பிடித்தாள். பின்பக்கத்தில் தேர்வுக்கான குறிப்பு இருந்தது. விட்டுவிட்டாள்.

புதுப் பக்கத்தில் தேதி போட்டாள். 'தவறு' என்று தொடங்கி, அதை அடித்தாள்.

"மார்ச் 27, வெள்ளி. நாளை: காலை ஏழு மணிக்கு அண்ணியுடன் பொட்டலக் கூடத்துக்குப் போக வேண்டும். மறுபடி சேர அண்ணியின் விண்ணப்பத்தை நிரப்பித் தர வேண்டும். கறுப்புப் பேனா."