இருக்க முடியாத ஒன்று

இதனால் உலகத்தார் அனைவருக்கும் அறிவிக்கப்படுவது: கணினி வேதியியலின் தனிப்பெரும் மேதை, பணிக்காலம் முழுவதும் ஒரு குடுவையைக்கூட உடைக்காத பேராசிரியர், தம் வாழ்நாள் ஆய்வைப் புத்தகமாக வெளியிடவிருக்கிறார். குடுவையைத் தொட்டால்தானே உடைப்பதற்கு!

புத்தகத்தின் மகுடம் ஏழாம் அத்தியாயம். ஒரு மூலக்கூறு உலகில் இருக்கவே முடியாது, உருவான கணமே சிதறிவிடும் என்று அவர் இளவயதில் கணினியில் நிறுவியது. பதவி, பட்டம், வெளிநாட்டுப் பயணம், சுழல் நாற்காலி எல்லாம் அந்த ஒரு 'முடியாது' போட்ட பிச்சை.

அச்சுப்படியைத் திருத்திக்கொண்டிருந்தபோது எதிர்க் கட்டடத்து ஆய்வு மாணவி வந்தாள். அவளுடைய ஆய்வேட்டுக்கு அவர்தான் தேர்வாளர். மேசைமேல் ஒரு சின்னக் குப்பியை வைத்தாள். அடியில் மஞ்சள் நிறத்தில் தூள்.

"என்னம்மா இது?"

"நீங்க இருக்க முடியாதுன்னு எழுதினீங்களே, அது சார்."

"அப்ப இது வேற ஏதோ."

"எல்லா விதத்துலயும் சோதிச்சாச்சு சார். நீங்க கையெழுத்துப் போடலன்னா இத்தனை வருஷமும் வீண்."

அவள் போனதும் பழைய கணக்கை மறுபடி ஓட்டினார். கணினி அசரவில்லை: முடியாது. குப்பியும் அசரவில்லை. மதியம் அதைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போய், சாப்பாட்டு மேசைமேல் வைத்தார்.

"சாப்பிடுற இடத்துல என்னங்க அது?" என்றாள் மனைவி.

"இது இல்ல. இருக்க முடியாது."

"சரி, இல்லாததைக் கொஞ்சம் தள்ளி வைங்க. தட்டு வைக்கணும்."

தள்ளி வைத்தார். குப்பிக்குள் துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டியபடி சரிந்தன. சாப்பிடாமலே எழுந்து துறைக்குத் திரும்பினார்.

அந்தக் காலத்துக் கணினி ஒரு மூலக்கூறுக்கே மூச்சுவாங்கும். அதனால் வெற்றிடத்தில் தனியாக நிறுத்திக் கணக்கிட்டிருந்தார். இப்போது சுற்றிலும் அதே இன மூலக்கூறுகளை அடுக்கினார். ஒன்றையொன்று தாங்கிக்கொண்டு அவை சிதறாமல் நின்றன. துணைக்கு எதுவும் இல்லாமல் தனியே நிறுத்திவைத்து, நிற்கவில்லை என்று எழுதி, அதற்கு மாலையும் வாங்கிக்கொண்டாயிற்று.

மறுநாள் கையெழுத்திட்டார். மாணவி குனிந்து கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவர் உடனே பதிப்பாளரைத் தொலைபேசியில் அழைத்தார்.

"ஏழாம் அத்தியாயத்தைத் தூக்கிடுங்க. தப்பு."

"ஐயையோ! அட்டைப்படமே அந்த மூலக்கூறுதான் சார். அட்டை அச்சாகி வந்தாச்சு. உள்ள யாரு சார் படிக்கப்போறாங்க?"

அவ்வாண்டின் சிறந்த அறிவியல் நூலுக்கான விருது, குறிப்பாக ஏழாம் அத்தியாயத்துக்காக, அவருக்கு அறிவிக்கப்பட்டது.

போய் வாங்கிக்கொண்டார்.