கிணற்றடி மாமரத்துக்கு எந்த ஒயில்?

சாரா உம்மாவின் வீட்டில் இரண்டு மருமகன்கள். மூத்தவன் ரிஷாத், பாலாவியில் மோட்டார் சைக்கிள் திருத்தும் கராஜ் வைத்திருந்தான். பன்னிரண்டு வருஷமாக அந்த வீட்டில் ஒரு ஆணி அடிப்பதென்றாலும் அவனைத்தான் கூப்பிடுவார்கள், மீன் தலையும் அவன் சோற்றுக்குத்தான் போகும். போன வருஷம் இளைய மகளைக் கட்டிக்கொண்டு அஸ்ஜத் வந்து சேர்ந்தான். கட்டாரில் இருந்து வந்தவன், நீளக் கம்பின் நுனியில் சங்கிலி வாள் பூட்டிய ஒரு மெசினையும் கொண்டுவந்திருந்தான்.

தரையில் நின்றபடியே அவன் உயரக் கிளைகளை அறுத்துத் தள்ளினான். மாமி ஊரெல்லாம் அவன் புகழ் பாடினார். மீன் தலை இடம் மாறியது. ரிஷாதுக்கு வயிறு பற்றி எரிந்தது. ஒரு மெசினுக்கு இவ்வளவு மவுசா என்று பொருமினான். அதைக் கையில் வாங்கிப் பார்க்கவும் ஆசைதான், கேட்கத்தான் வாய் வரவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை காலை அஸ்ஜத் கராஜுக்கு வந்தான். கிணற்றுக்கு மேலே சாய்ந்த மாங்கிளையை வெட்டச் சொல்லியிருந்தாராம் மாமி. சங்கிலிக்கு ஊற்றுகிற ஒயில் தீர்ந்துபோயிற்றாம். ரிஷாதை அண்ணன் முறை வைத்து ‘நானா’ என்றுதான் அவன் கூப்பிடுவான்.

“கீழ கிணறு ஈக்கி நானா. தேங்கா எண்ணெய் ஊத்தினா சரிவருமா?”

சரிவரும் என்று ரிஷாதுக்கு நன்றாகத் தெரியும். இந்த வெக்கைக்கு அது உறையாது, தண்ணீரில் நாலு சொட்டு விழுந்தாலும் யாருக்கும் கேடில்லை.

“அது தலைக்கி வெக்கிறது. இதக் கொண்டு போங்க.”

மோட்டார் சைக்கிள்களில் இருந்து வடித்த கறுத்த ஒயிலைப் போத்தலில் ஊற்றிக் கொடுத்தான். அது சுற்றுகிற சங்கிலியில் ஒட்டி நிற்காது, நாலாபக்கமும் தெறிக்கும். தெறிக்கட்டும், ஒரு நாளாவது இவன் மாமியிடம் ஏச்சு வாங்கட்டும் என்று நினைத்துக்கொண்டான்.

ஜும்ஆத் தொழுகைக்குக் குளிக்க வீட்டுக்கு வந்தபோது கிணற்றடியில் எல்லோரும் கூடி நின்றார்கள். தண்ணீரின் மேல் கறுப்பாகப் படலம் மிதந்தது. இந்த எண்ணெயை ஊற்றச் சொன்னது யார் என்று சாரா உம்மா கேட்டார். ரிஷாத் மற்றவர்களுக்குப் பின்னால் ஒதுங்கினான்.

அஸ்ஜத் அவனை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தான்.

“ஆரும் செல்லல்ல மாமி. நானேதான் எடுத்து ஊத்தினன். என்ட பிழை.”

சொல்லிவிட்டு சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு தண்ணீரை இறைத்துக் கொட்டத் தொடங்கினான். மாமியின் முகம் இளகியது. பிழையை இப்படி நேருக்கு நேர் ஒத்துக்கொள்கிற பிள்ளை இந்தக் காலத்தில் எங்கே கிடைக்கும் என்று மூத்த மருமகனிடமே கேட்டார்.

ரிஷாத் ஓம் என்று தலையாட்டினான். செய்தது நான்தான் என்று அங்கேயே கத்திச் சொல்ல நாக்குத் துடித்தது. குற்ற உணர்ச்சி அதில் கொஞ்சம்தான். தான் செய்த பிழைக்கும் அவனல்லவா பாராட்டு வாங்குகிறான் என்ற எரிச்சல்தான் மிச்சமெல்லாம்.