மண்மூட்டைப் பாய்ச்சல்

வெள்ளவத்தைச் சோதனைச் சாவடியில் யோகநாதனைச் சட்டையைக் கழற்றச் சொன்னார்கள். பிடரிக்குக் கீழே, இரண்டு தோளிலும் கறுத்துக் காய்த்திருந்த தழும்பைச் சிப்பாய் ஒருவன் விரலால் நெருடிப் பார்த்தான். இரும்புப் பாரத்தைத் தோளில் வைத்துக் குந்தி, குந்திய வேகத்திலேயே எகிறி எகிறி இரண்டு வருடமாய்ச் சேர்த்த தழும்பு அது. அந்தக் கதை யாருக்கு வேண்டும்? தொண்ணூற்றெட்டில், கொழும்பில், யாழ்ப்பாணத்துப் பொடியனின் தோள் காய்த்திருந்தால் அது இயக்கத்தில் துவக்குத் தூக்கிக் காய்த்ததுதான்.

அன்று பத்து மணிக்கு உயரம் பாய்தலுக்கு அணித் தெரிவு. இரண்டு மீற்றர் பாய்ந்தால் பட்டியலில் பெயர் ஏறும். பயிற்சியில் இருமுறை பாய்ந்திருந்தான். கால்களைக் காப்பாற்ற மூன்று நாளாய் மாடிப்படிகூட வேகமாய் ஏறவில்லை. கொட்டாஞ்சேனையில் அவனோடு சேர்ந்து பயிற்சி செய்யும் அலவி படித்துப் படித்துச் சொல்லியிருந்தான்.

"இந்தப் பலம் தீப்பெட்டி மாதிரி மச்சான். சும்மா சும்மா உரசினா, தேவைப்படுற நேரம் குச்சி இரிக்காது."

அடையாள அட்டை, பொலிஸ் பதிவுத் துண்டு, விளையாட்டுக் கழகம் சிங்களத்தில் கொடுத்த கடிதம் எல்லாவற்றையும் நீட்டினான். கடிதம் எவனும் எழுதலாம் என்றார் சார்ஜன்ட். பிறகு நெஞ்சளவுக்கு அடுக்கியிருந்த மண்மூட்டைகளைக் காட்டினார்.

"பனின்ன மல்லி."

பாயடா தம்பி என்கிறார். பாய்ந்து காட்டினால் போகலாமாம். நின்ற நிலையிலிருந்து ஒரே எகிறலில் மூட்டைமேல் ஏறி நின்றான். அத்தோடு விட்டிருந்தால் நல்ல மனிதர்கள். அவர்களோ எதிர்ப்பக்கம் நின்றவர்களையும் கூப்பிட்டார்கள். இன்னொரு மூட்டையைத் தூக்கி வைத்து, திரும்பவும் பாயச் சொன்னார்கள். அடுத்த முறை கையைப் பின்னால் கட்டிக்கொண்டு பாயச் சொன்னார்கள். காலி வீதியில் நின்ற பஸ்ஸுக்குள்ளிருந்து சனம் எட்டிப் பார்த்தது. குரங்காட்டியிடம் அகப்பட்ட குரங்குக்காவது கடலை கிடைக்கும்.

பதினோராவது தடவை மூட்டைகள் தோளளவு நின்றன. தொடையில் பலம் மிச்சமில்லை. எங்கிருந்து வந்ததோ, பாய்ந்து உச்சியில் நின்றான். வாழ்நாளில் அப்படி ஒரு பாய்ச்சல் பாய்ந்ததில்லை. எல்லோரும் கைதட்டினார்கள். சார்ஜன்ட் முதுகில் தட்டினார். யோகநாதன் பல் தெரியச் சிரித்தான். அந்தச் சிரிப்பை வேறொருவன் முகத்தில் கண்டிருந்தால் காறித் துப்பியிருப்பான்.

மைதானத்தில் ஒரு மீற்றர் தொண்ணூறிலேயே மூன்று முறையும் கம்பைத் தட்டி விழுத்தினான். கால்கள் ஈரத் துணியாய்க் கிடந்தன. தெரிவாளர் அவன் பெயரின் குறுக்கே கோடு கீறினார். என்ன நடந்ததென்று அலவி கேட்டான். கைதட்டுக்குச் சிரித்ததை எந்த வாயால் சொல்வது? காலில் பிடிப்பு என்று பொய் சொல்லிவிட்டு பஸ் ஏறினான்.

அவனுக்கு அறை வாடகைக்குக் கொடுத்திருந்த சிவபாதசுந்தரம் வாசல் படலையிலேயே காத்துக்கொண்டு நின்றார். அவர் கையெழுத்து வைத்தால்தான் அவனுடைய பொலிஸ் பதிவு புதுப்பிக்கப்படும். தெரிவு என்னவாயிற்று என்று அவர் கேட்கவேயில்லை. முகமெல்லாம் பூரிப்பு.

"உயிரோடை விட்டாங்களே, அது காணும். சந்தியிலை கேள்விப்பட்டு நானும் போய்ச் சார்ஜன்ட்டோடை கதைச்சனான். எங்கடை வீட்டுப் பொடியன்தான் எண்டு சொன்னனான். ஞாயிற்றுக்கிழமை அவையின்ரை பெரியவர் வாறாராம், ஒருக்காப் பாய்ஞ்சு காட்டட்டாம். ஓமெண்டிட்டன். இனி எங்கடை வீட்டை ஒருத்தரும் சோதிக்க வரமாட்டினம்."

இவ்வளவு வருடம் கச்சேரியில் அரசாங்க உத்தியோகம் பார்த்து, பெரியவர்களுக்குக் கதிரை இழுத்துப் போட்ட அவரது கை, இப்போது அவனையே இழுத்துப் போட்டுவிட்டது. மூஞ்சியில் நாலு கேள்வி கேட்கவேண்டும் போலிருந்தது. ஆனால் தலையை ஆட்டிவிட்டுத் தன் அறைக்குப் போக மாடிப்படியில் கால் வைத்தான்.

மெதுவாய் ஏறவேண்டும், ஞாயிறு வரைக்கும் கால்களை அலுப்பாக்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டான். நினைத்தது என்னவென்று உறைத்ததும் குழாயடிக்கு ஓடிப்போய் வாந்தி எடுத்தான்.