கீழ்வேளூர்ச் சுருள்

ஊமைப்பட காலத்தில் எடுத்த பண்ணைப் படங்களை வைத்துத் தஞ்சாவூரில் ஒரு கண்காட்சி நடத்தப்போகிறார் பஞ்சநதம். இதையெல்லாம் யார் பார்க்க வருவார்கள் என்று கேட்டவர்களோடு சண்டை போட்டும் முடித்தாயிற்று. படங்களைத் தொகுக்க வந்தவள் எழில்மொழி.

முதலில் ஒரு பிரெஞ்சு திராட்சைத் தோட்டம். அடேயப்பா, என்ன படம்! கூடை சுமக்கிறார்கள், பழம் பிழிகிறார்கள், பீப்பாய் உருட்டுகிறார்கள். அந்தக் காலத்து ஒயின் பண்ணையை இதற்கு மேல் யாரும் எழுதிக் காட்டிவிட முடியாது.

அடுத்தது பஞ்சநதத்தின் தாத்தாவுடைய கீழ்வேளூர்ப் பண்ணையில் ஒரு வெள்ளைக்காரர் எடுத்தது. பெண்கள் வரிசையாகக் குனிந்து முன்னேறி வருகிறார்கள். நட்டு முடித்த வயலில் நின்ற நாற்றை ஒவ்வொன்றாகப் பிடுங்குகிறார்கள். கடைசியில் வெறும் சேறு.

"தாத்தா மேல உள்ள கோவத்துல வயல அழிச்சிருக்காங்க. இத வேற ஊரக் கூட்டிக் காட்டணுமா? எடுத்துடும்மா."

எழில்மொழிக்கு எடுக்க மனமில்லை. அவள் அப்பாவின் அப்பாயி வேம்பு அந்தப் பண்ணையில்தான் நடவு நட்டவள். ஒரு போட்டோ கூடக் கிடையாது. எழில்மொழியைப் போலவே இடதுகைக்காரி என்பது மட்டும்தான் வீட்டில் தெரியும். இந்தச் சுருளும் பெட்டிக்குள் போய்விட்டால் அவ்வளவுதான்.

"இன்னொரு தடவ பாத்துடுறேன் சார்."

பார்த்தாள். கோபத்தில் பிடுங்குகிறவர்கள் இவ்வளவு பதவிசாகவா பிடுங்குவார்கள்? பிடுங்கியதை மறுகையிலிருக்கும் நாற்றுமுடியில் வேறு சேர்க்கிறார்கள்!

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நடவு நடுகிறவர்கள் பின்னோக்கித்தான் நகர்வார்கள். சுருளைக் கம்ப்யூட்டருக்கு மாற்றிய லேபில் அதை வாலிலிருந்து ஏற்றிவிட்டார்கள்; படம் பின்னோக்கி ஓடுகிறது. பெண்கள் முன்னோக்கி நடந்ததைப் பார்த்ததும், சரியாகத்தான் ஓடுகிறது என்று விட்டிருக்கிறார்கள் புண்ணியவான்கள்.

படத்தைத் திருப்பி ஓட்டினாள். சேறு. நாற்றுமுடியோடு நிற்கும் பெண்கள் கேமராவை ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குனிகிறார்கள். கை பதிகிறது, கால் பின்னால் போகிறது, கண்ணெதிரே வயல் நிறைகிறது. அழகென்றால் அப்படியொரு அழகு.

பஞ்சநதம் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். "அடடா, நம்ம நடவு! வரப்புல நின்னு எத்தன தடவ பாத்திருப்பேன், எனக்கே தெரியாம போச்சே! இதுக்குப் பக்கத்துல திராட்சையெல்லாம் நிக்குமா? இதத்தான் முதல்ல போடணும்."

எழில்மொழி திரைக்கு நெருங்கிக் குனிந்தாள். மற்றவர்களெல்லாம் வலது கையால் நட, வரிசையின் ஓரத்தில் ஒருத்தி மட்டும் இடது கையால் நட்டுக்கொண்டிருந்தாள். மவுசைப் பிடித்திருந்த தன் இடது கையால் எழில்மொழி படத்தை அங்கேயே நிறுத்தினாள்.

அவள் பார்வை போன இடத்தைப் பஞ்சநதமும் பார்த்தார்.

"படத்தோட அட்டையில தாத்தா பேர மட்டுந்தான் எழுதி வச்சிருக்கேன். அந்தம்மா யாருன்னு தெரிஞ்சா அதையும் போட்டுடலாம்."

"வேம்பு, சார். எங்க வேம்பு."