இரண்டாவது பிரதி

தேவாலயத்தில் பூசைக்கு முன்னர், மூடாத சவப்பெட்டிக்கு எட்ட நின்றபடியே வின்சென்ற் குல்லாயைக் கழற்றினார். உள்ளே கிடந்தவள் அவருடைய அக்கா அனஸ்ரேசியா. ஒஸ்லோவிலேயே அவர் இருப்பது ஸ்டோவ்னரில், அவள் இருந்தது புருசெத்தில். பஸ் பிடித்தால் கால்மணி நேரம். அவளைப் பார்க்க வந்து பத்தொன்பது வருடமாகியிருந்தது.

எழுபத்தெட்டாம் ஆண்டில் ஊரிலிருந்து கன்னியாஸ்திரிகள் மூலம் ரோமுக்கு வீட்டு வேலைக்குப் போனவள், ஏதோ ஒரு மலிவான காட்டுப் படத்தில் இரண்டு நாள் நடித்தாள். பத்து வருடம் கழித்து, இருவரும் ஒஸ்லோவுக்கு வந்துசேர்ந்த பின், ஒரு கூட்டாளி டென்மார்க்கிலிருந்து அதன் கசெற்றைக் கொண்டுவந்து போட்டான். குளக்கரையில் அக்காவின் முகம். அடுத்த கணம் துணியில்லாத உடம்பு, ஒரு ஆணோடு. நாலு பேர் பார்த்துக்கொண்டிருக்க வின்சென்ற் எழுந்து வெளியே போனார். அதன்பின் மார்கழிதோறும் அக்கா அனுப்பிய எந்த நத்தார் வாழ்த்துக்கும் அவர் பதில் போடவில்லை.

அவளுடைய மகள் மயூரா அருகே வந்தாள்.

"மாமா, அந்தப் படத்தாலைதானே நீங்கள் வீட்டை வாறேல்லை?"

அவர் யன்னலைப் பார்த்தார்.

"இப்ப அது டிவிடியா வந்திருக்கு. அதிலை படத்தின்ரை ரெண்டு பிரதி இருக்கு. முதல் பிரதியிலை அம்மா தண்ணி அள்ளுறா, அவ்வளவுதான். மற்றது வெளிநாட்டிலை விக்கிறதுக்கு. அதிலை பிறகு வேறை ஒரு பொம்பிளையை வைச்சு அந்தக் காட்சியை எடுத்து இடையிலை ஒட்டியிருக்கினம்."

"ஆர் சொன்னது?"

"நான் பார்த்தனான். அந்தப் பொம்பிளையின்ரை இடக்கையிலை அஞ்சு விரலும் முழுசா இருக்கு, மாமா."

வின்சென்ற் இரண்டடி முன்னே வந்தார். செபமாலை சுற்றியிருந்த இடக்கையில் சின்னவிரல் பாதியோடு நின்றது. தன் ஐந்து வயதில், விளையாட்டாக அவர் அடித்துச் சாத்திய கதவு.

"அவவுக்குத் தெரியுமோ?"

"ஓம். அப்பவே தெரியும்."

"பின்னை ஏன் என்னட்டைச் சொல்லேல்லை?"

"தம்பி கேட்டால் சொல்லுவன் எண்டவ."

பூசை முழுக்க அவர் எழும்பவுமில்லை, முழந்தாளிடவுமில்லை. முடிந்ததும் அக்காவின் கணவர் பிலேந்திரனும் நண்பர்கள் நால்வரும் பெட்டியின் பிடிகளைப் பற்றினார்கள். ஆறாவது பிடிக்கு ஆளில்லாமல், சவப்பெட்டியோடு வந்த நோர்வேக்கார ஊழியர் குனிந்தார். வின்சென்ற் அவருடைய தோளைத் தொட்டார். ஊழியர் விலகி அந்தப் பிடியை அவருக்கு விட்டார்.

வெளியே பனி இறுகிக் கிடந்தது. பெட்டிக்கு அந்தப் பக்கம் நின்ற பிலேந்திரன் முகத்தைத் திருப்பாமலே சொன்னார்:

"மெதுவா வின்சென்ற். படி வழுக்கும்."

வின்சென்ற் முதற்படியில் காலை அழுத்தி வைத்தார்.